மாட்டுக்கறியும் காய்கறியும் சேர்த்து வீட்டில் வதக்குவது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஓசூரிலும் கிருஷ்ணகிரியிலும் துரித உணவகங்களில் குடைமிளகாய், வெங்காயத்தாளோடு சேர்த்து வதக்கித் தரும் மாட்டுக்கறியைச் சாப்பிட்டுப் பழகியவர்கள், அதையே வீட்டில் செய்யும்போது கறி ரப்பராகவும் காய் குழைந்தும் போவதாகக் கூறுகிறார்கள். அவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்கான விடைகள் இங்கே தரப்படுகின்றன. அளவுகள் யாவும் நால்வருக்குப் போதுமான அரைக் கிலோ எலும்பில்லாத கறிக்கும், ஏறக்குறைய அதே எடையுள்ள காய்கறிக்கும் உரியவை.

வெளிநாட்டுச் சமையல் காணொளிகளில் மூன்று நிமிடத்தில் வெந்துவிடும் கறி, நம் வீட்டில் அரை மணி நேரமானாலும் ஏன் வேகுவதில்லை?

அந்தக் காணொளிகளில் பயன்படுவது இறைச்சிக்காகவே வளர்த்து, இரண்டு மூன்று வயதுக்குள் வெட்டப்படும் மாட்டின் கறி. நம் பகுதியில் கிடைப்பது பெரும்பாலும் உழைத்து ஓய்ந்த காளையின் கறி அல்லது வயதான எருமையின் கறி. இதற்குச் சட்டமும் ஒரு காரணம். 1958ஆம் ஆண்டின் தமிழ்நாடு விலங்குகள் பாதுகாப்புச் சட்டத்தின்படி, 10 வயதைக் கடந்து வேலைக்கும் இனப்பெருக்கத்துக்கும் உதவாது என்றோ, காயத்தாலும் தீராத நோயாலும் நிரந்தரமாக முடங்கிவிட்டது என்றோ சான்று பெற்ற விலங்கைத்தான் வெட்ட முடியும். பசுவை வெட்டுவதற்கு 1976ஆம் ஆண்டின் அரசாணை தடை விதித்தது. எல்லைக்கு அப்பால் கர்நாடகத்தில் 2020ஆம் ஆண்டுச் சட்டம் இன்னும் இறுக்கமானது. அங்கே 13 வயதுக்கு மேற்பட்ட எருமையை மட்டுமே வெட்டலாம்.

வயதான விலங்கின் தசையில் நார்களைப் பிணைக்கும் சவ்வு தடித்தும் இறுகியும் இருக்கும். அந்தச் சவ்விலுள்ள கொலாஜன் என்னும் புரதம் ஈரமும் நீண்ட நேரச் சூடும் கிடைத்தால்தான் இளகும். வேகமாக வதக்கும் சமையலில் அந்த இரண்டுமே கிடையாது. எனவே கறியின் மென்மையை வதக்குவதற்கு முன்பே, தனியாக, முடித்துக்கொள்ள வேண்டும்; வாணலிக்கு வரும்போது கறிக்கு மிச்சமிருக்க வேண்டிய வேலை நிறமும் மணமும் ஏறுவது மட்டுமே.

கடையில் எந்தப் பகுதியைக் கேட்டு வாங்க வேண்டும்?

முதுகெலும்புக்கு உட்புறம், இடுப்பை ஒட்டி ஓடும் நீண்ட சதையை ‘அண்டர்கட்’ என்று கறிக்கடைகளில் சொல்வார்கள். அந்தத் தசைக்கு நடையிலும் இழுவையிலும் அதிக வேலை இல்லாததால், வயதான விலங்கிலும் அது ஓரளவு மென்மையாகவே இருக்கும். ஒரு விலங்கில் அது கொஞ்சமாகவே கிடைக்கும். உணவகக்காரர்கள் முன்கூட்டியே சொல்லி வைத்து எடுத்துக்கொண்டு போய்விடுவதும் உண்டு. கிடைக்காவிட்டால் பின்தொடையின் உட்பகுதிச் சதையைக் கேளுங்கள். கழுத்தும் முன்னங்காலும் குழம்புக்கு அருமையானவை, ஆனால் இந்தச் சமையலுக்கு ஏற்றவை அல்ல.

அதைவிட முக்கியமாகச் சொல்ல வேண்டிய ஒன்று உண்டு. கேட்காமல் விட்டால் கடைக்காரர் பழக்கப்படி புளியமரக் கட்டையில் வைத்து, எலும்போடு சேர்த்துச் சிறு சிறு துண்டுகளாகப் போட்டுவிடுவார். குழம்புக்கு அதுவே சரி. வதக்குவதற்கு ‘எலும்பு இல்லாமல், வெட்டாமல் முழுத்துண்டாகக் கொடுங்கள்’ என்று கத்தி இறங்குவதற்கு முன்பே சொல்லிவிட வேண்டும். துண்டான கறியை நார் பார்த்து நறுக்க வழியில்லை.

மாட்டுக்கறிக்கும் எருமைக்கறிக்கும் சமைப்பதில் வேறுபாடு உண்டா?

சிறிதளவு உண்டு. எருமைக்கறியின் நிறம் கூடுதலாகக் கறுத்திருக்கும், அதன் கொழுப்பு வெள்ளையாக இருக்கும்; மாட்டின் கொழுப்பில் மஞ்சள் சாயல் தெரியும். எருமைக்கறியில் கொழுப்பு குறைவு என்பதால் வாணலியில் விரைவில் வறண்டுவிடும். கூடுதலாக ஒரு தேக்கரண்டி எண்ணெயைக் கறியிலேயே பிசறி வைத்தால் போதும்.

கறியை எப்படி நறுக்க வேண்டும்?

இந்தச் சமையலில் பாதி வெற்றி நறுக்குவதில்தான் இருக்கிறது என்பது என் கருத்து. கறித்துண்டை வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தால், ஈர்க்குகளைச் சேர்த்துக் கட்டிய விளக்குமாறு போல நார்கள் ஒரே திசையில் ஓடுவது தெரியும். கத்தி அந்த ஓட்டத்தின் குறுக்கே இறங்க வேண்டும். அப்படி இறங்கினால் ஒவ்வொரு நாரும் சில மில்லிமீட்டர் நீளத்துக்குள் அறுந்துவிடும். பல்லுக்கு அறுக்க வேண்டிய வேலை இருக்காது. நாரின் போக்கிலேயே நறுக்கினால் ஒவ்வொரு துண்டிலும் முழு நீள நார் அப்படியே நிற்கும், எவ்வளவு வேகவைத்தாலும் மெல்லும்போது சக்கையாகத் திரளும்.

தடிமன் 3 மில்லிமீட்டருக்கு மேல் போக வேண்டாம். பச்சைக்கறி வழுக்குவதால் அவ்வளவு மெல்லியதாக நறுக்குவது கடினம். ஆகவே முழுத்துண்டை முக்கால் மணி நேரம் குளிர்ப்பெட்டியின் உறைநிலைப் பகுதியில் வைத்து, வெளிப்பகுதி மட்டும் விறைத்த நிலையில் எடுத்து நறுக்குங்கள். தொடைக்கறியில் இரண்டு தசைகள் சேரும் இடத்தில் வெள்ளைச் சவ்வு பளபளவென்று ஓடும். அதற்கு அப்பால் நாரின் திசை மாறிவிடுவதால், சவ்வோடு பிரித்தெடுத்து, துண்டைத் திருப்பி வைத்துக்கொண்டு மீண்டும் தொடங்க வேண்டும். அரிவாள்மனையில் பழகியவர்களுக்கு இது கத்தியை விடவும் எளிதாக வருகிறது.

கறியைக் கழுவலாமா, கூடாதா?

சூட்டில் கிருமிகள் மடிந்துவிடும் என்பதால் கழுவத் தேவையில்லை என்றும், குழாயடியில் கழுவும்போது தெறிக்கும் நீரால் மேடையும் பாத்திரங்களும் மாசுபடும் என்றும் உணவுப் பாதுகாப்பு வல்லுநர்கள் கூறுகிறார்கள். ஆனால் திறந்த கடையில் தொங்கிய கறியைக் கழுவாமல் சமைக்க நம் வீடுகளில் யாருக்கும் மனம் வராது. கழுவுவதானால் ஒரு பாத்திரத்து நீரில் முழுத்துண்டாக அலசி, அந்த நீரை மெதுவாகக் கொட்டி, தொட்ட இடத்தைச் சோப்பால் துடைத்துவிடுங்கள். அதன் பிறகு சுத்தமான துணியில் ஒற்றி ஈரத்தை முழுவதும் எடுக்க வேண்டும். இதைத் தவிர்க்கவே கூடாது. ஈரம் இருக்கும்வரை கறியின் மேற்பரப்பு 100 டிகிரிக்கு மேல் சூடாகாது. நிறமும் வறுபட்ட மணமும் ஏறுவதற்கு ஏறக்குறைய 140 டிகிரியாவது வேண்டும்.

பப்பாளிக்காய் நல்லதா, ஆப்ப சோடா நல்லதா?

மெல்லியதாக நறுக்கிய கறிக்கு ஆப்ப சோடாதான் நம்பகமானது. அரைக் கிலோ கறிக்கு ஒரு தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவான சோடாவை இரண்டு மேசைக்கரண்டி நீரில் கரைத்துப் பிசறி, 20 நிமிடம் வைத்திருந்து, நன்றாக அலசி, பிழிந்து, துணியில் ஒற்றி எடுக்க வேண்டும். சோடா கறியின் மேற்பரப்பில் காரத்தன்மையைக் கூட்டுவதால், சூடு படும்போது புரதங்கள் ஒன்றையொன்று இறுகப் பற்றுவது குறைகிறது. கறி தன் நீரை விடாமல் வைத்துக்கொள்கிறது. சரியாக அலசாவிட்டால் சோப்புச் சுவை நாக்கில் நிற்கும்.

பப்பாளிக்காயிலுள்ள பப்பாயின் என்னும் நொதி புரதத்தையே அறுத்துவிடுகிறது. பெரிய துண்டுகளுக்கு அது பொருந்தும். 3 மில்லிமீட்டர் துண்டில் தேய்த்து மணிக்கணக்கில் ஊறவைத்தால் மேற்பரப்பு மாவாகக் கரைந்து, வாணலியில் ஒட்டிக்கொண்டு, உள்ளே மட்டும் பழைய கடினத்தோடு நிற்கும். பப்பாளிதான் வேண்டுமென்றால் அரைத்த விழுது ஒரு தேக்கரண்டி, 20 நிமிடம். அதற்கு மேல் வேண்டாம்.

கறி மிகவும் முற்றலாக இருக்கிறது. குக்கரில் வேகவைத்துவிட்டு வதக்கலாமா?

தாராளமாக வதக்கலாம். தருமபுரிப் பக்கம் சாதாரணமாகக் கிடைக்கும் தொடைக்கறிக்கு இதையே முதல் வழியாக நான் பரிந்துரைப்பேன். சோடா முறையை அண்டர்கட் கிடைக்கும் நாளுக்கு வைத்துக்கொள்ளலாம். ஆனால் நம் வழக்கப்படி சிறு துண்டுகளாக வெட்டி, மஞ்சள்தூளும் தண்ணீரும் விட்டு, எண்ணிக்கையில்லாமல் விசில் விட்டால், கறி நார் நாராகப் பிரிந்து வாணலியில் உதிர்ந்துவிடும்.

கறியை உள்ளங்கை அளவுப் பெரிய துண்டுகளாகவே குக்கரில் வையுங்கள். அரைக் குவளை நீர், அரைத் தேக்கரண்டி உப்பு, நசுக்கிய இஞ்சி ஒரு துண்டு போதும். முதல் விசில் வந்ததும் தீயைத் தணித்து 20 முதல் 25 நிமிடம் வைத்து, ஆவி தானாக அடங்கும்வரை விட்டுவிடுங்கள். விசிலை எண்ணுவதைவிட நேரத்தைப் பார்ப்பது நல்லது, ஏனெனில் விசில் எத்தனை முறை வரும் என்பதைத் தீயின் அளவும் குக்கரின் அளவும் தீர்மானிக்கின்றன. கத்தி முனை சிறிது தடையோடு உள்ளே இறங்கினால் பதம் சரி. தடையே இல்லாமல் இறங்கினால் அதைக் குழம்புக்குத் திருப்பிவிடுவதே மேல். வெந்த துண்டுகளை முழுவதும் ஆறவிட்டு, முடிந்தால் குளிர்ப்பெட்டியில் ஒரு மணி நேரம் வைத்து, அதன் பிறகே குறுக்காக நறுக்க வேண்டும். சூட்டோடு நறுக்கினால் சிதையும். ஆறினால் இளகிய கொலாஜன் உறைந்து துண்டுகளைப் பிடித்துக்கொள்ளும். குக்கரில் மிஞ்சும் சாற்றைக் கொட்டிவிடாதீர்கள், பின்னால் அதற்கு வேலை இருக்கிறது.

குக்கர் இல்லாமல் திறந்த பாத்திரத்தில் வேகவைப்பவர்கள் ஓசூரில் சற்றுக் கூடுதல் நேரம் வைக்க வேண்டியிருக்கும். கடல் மட்டத்திலிருந்து சுமார் 900 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊரில் தண்ணீர் ஏறக்குறைய 97 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது.

எந்தக் காய்களைச் சேர்க்கலாம்?

இந்த விஷயத்தில் நம் பகுதிக்காரர்கள் கொடுத்து வைத்தவர்கள். ஓசூர், தேன்கனிக்கோட்டை, தளி வட்டாரங்களின் குளிர்ந்த காற்றில் முட்டைகோஸ், காலிஃபிளவர், கேரட், பீன்ஸ், குடைமிளகாய் எல்லாம் விளைகின்றன. நிழல்வலைக் குடில்களில் வளரும் சிவப்பு, மஞ்சள் குடைமிளகாய்களும் கிடைக்கின்றன. உழவர் சந்தைக்குக் காலையிலேயே போனால் அன்று பறித்த காயாகவே வாங்கலாம். வதக்குவதற்கு அந்தப் புதுமைதான் முக்கியம். வாடிய குடைமிளகாய் எவ்வளவு தீ கொடுத்தாலும் மொறுமொறுப்பாகாது.

மூன்று, மிஞ்சிப் போனால் நான்கு வகைக் காய் போதும். ஏழெட்டுக் காய்களைக் கலந்தால் ஒவ்வொன்றும் வேகும் நேரம் வேறுபட்டு, எதுவும் சரியாக அமையாது. என் தேர்வு பீன்ஸ், கேரட், குடைமிளகாய், பெரிய வெங்காயம். பீன்ஸையும் கேரட்டையும் சாய்வாக, மெல்லியதாக நறுக்குங்கள். காலிஃபிளவர் சேர்ப்பதானால் மஞ்சள்தூளும் உப்பும் போட்ட வெந்நீரில் சில நிமிடம் வைத்துப் புழு நீக்கி, துணியில் பரப்பி உலர்த்திய பிறகே வாணலிக்குக் கொண்டுவர வேண்டும்.

வெளியூர்ச் செய்முறைகளில் வரும் புரோக்கோலியையும் பனிப்பட்டாணியையும் தேடி அலைய வேண்டாம். தை மாதத்தை ஒட்டி இங்கே குவியும் அவரைக்காயின் பிஞ்சை நாரெடுத்துச் சாய்வாக நறுக்கிச் சேர்த்தால் அவற்றுக்கு ஒரு குறையும் இல்லை. கொத்தவரையையும் முருங்கைக்காயையும் இதில் சேர்க்காதீர்கள். முன்னது கசக்கும், பின்னது கடைசிவரை வேகாது.

தக்காளி சேர்த்தால் என்ன?

சேர்க்க வேண்டாம். பாலக்கோட்டுச் சந்தையிலும் ராயக்கோட்டைச் சந்தையிலும் விலை சரிந்து தக்காளி சாலையோரத்தில் கொட்டப்படும் நாளிலும் வேண்டாம். அதிலிருந்து இறங்கும் நீர் வதக்கலைக் கூட்டாக்கிவிடும். புளிப்பு தேவையென்றால் இறக்கும்போது எலுமிச்சைச் சாறோ வினிகரோ ஒரு தேக்கரண்டி விட்டுக்கொள்ளலாம்.

எந்த எண்ணெய், எந்தப் பாத்திரம்?

சுத்திகரித்த கடலை எண்ணெய் 220 டிகிரியைத் தாண்டியும் புகையாது என்பதால் அதுவே ஏற்றது. செக்கில் ஆட்டிய கடலை எண்ணெய்க்கு மணம் உண்டு, ஆனால் அது வெகு முன்னதாகவே புகையத் தொடங்கிவிடும். வேண்டுமானால் கடைசியில் அரைத் தேக்கரண்டி மேலே ஊற்றிக்கொள்ளலாம். பாத்திரத்தைப் பொறுத்தவரை கனமான இரும்பு வடைச்சட்டிக்கு நிகரில்லை. ஒட்டாத பூச்சுள்ள பாத்திரத்தை வெறுமனே அடுப்பில் வைத்துக் காய்ச்சுவது அந்தப் பூச்சைக் கெடுக்கும். இந்தச் சமையலுக்கோ சட்டி காயாமல் முடியாது. இண்டக்ஷன் அடுப்பானால் அடி தட்டையான இரும்புச் சட்டியாக இருக்க வேண்டும்.

வதக்கும் முறையைத் தொடக்கத்திலிருந்து முடிவுவரை சொல்ல முடியுமா?

அடுப்பைப் பற்றவைக்கும் முன்பு எல்லாமே நறுக்கி, கைக்கெட்டும் இடத்தில் இருக்க வேண்டும், ஏனெனில் பற்றவைத்த பிறகு பத்து நிமிடத்துக்குள் வேலை முடிந்துவிடும். ஒரு கிண்ணத்தில் சோயா சாஸ் ஒன்றரை மேசைக்கரண்டி, மிளகுத்தூள் ஒரு தேக்கரண்டி, சர்க்கரை அரைத் தேக்கரண்டி, கார்ன்ஃப்ளார் ஒரு தேக்கரண்டி, குக்கர்ச் சாறு அல்லது தண்ணீர் நான்கு மேசைக்கரண்டி சேர்த்துக் கலக்கி வையுங்கள். குக்கர்ச் சாற்றில் ஏற்கெனவே உப்பு இருப்பதால் தனியாக உப்பு வேண்டாம். கறித்துண்டுகளில் ஒரு தேக்கரண்டி கார்ன்ஃப்ளாரும் ஒரு தேக்கரண்டி எண்ணெயும் பிசறி வையுங்கள்.

சட்டியை எண்ணெயில்லாமல் பெருந்தீயில் காயவிட்டு, ஒரு சொட்டு நீர் விழுந்ததும் உருண்டு ஓடி மறையும் நிலையில் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் ஊற்றுங்கள். கறியில் பாதியை மட்டும் எடுத்துப் பரப்பிவிட்டு, ஒரு நிமிடம் கரண்டியைத் தொடாமல் இருங்கள். உடனே கிளறத் தோன்றும். ஆனால் கிளறினால் நிறம் ஏறாது. அடிப்பக்கம் பழுப்பானதும் திருப்பி, மேலும் ஒரு நிமிடம் விட்டு, தட்டில் எடுத்து வைத்துவிட்டு மறுபாதியைப் போட வேண்டும். உணவகத்து அடுப்பின் தீ வீட்டு எரிவாயு அடுப்பின் தீயைவிடப் பல மடங்கு வலிமையானது. அரைக் கிலோவையும் ஒன்றாகக் கொட்டினால் நம் அடுப்பால் சட்டியின் சூட்டைத் தாங்கிப் பிடிக்க முடியாது. அப்படி நேர்ந்துவிட்டதைக் காது சொல்லிவிடும்: சடசடவென்று பொரியும் ஓசை அடங்கி, குமிழியிட்டுக் கொதிக்கும் ஓசை எழும். எழுந்தால் பாதிக் கறியை வெளியே எடுத்துவிடுங்கள்.

அதே சட்டியில் இன்னும் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, பொடியாக நறுக்கிய பூண்டு ஆறு பல், இஞ்சி ஒரு துண்டு, கீறிய பச்சைமிளகாய் மூன்று ஆகியவற்றைப் போட்டு, பூண்டு சிவக்கும் முன்பே பீன்ஸையும் கேரட்டையும் சேர்த்து மூன்று நிமிடம் வதக்குங்கள். பிறகு வெங்காயமும் குடைமிளகாயும் ஒரு நிமிடம். இப்போது கறியைத் திருப்பிக் கொட்டி, கிண்ணத்தில் அடியில் தங்கிய மாவைக் கலக்கி, சாஸைச் சட்டியின் ஓரத்தைச் சுற்றி ஊற்ற வேண்டும். சூடான இரும்பில் பட்டு இறங்குவதால் அது உடனே சுண்டி, பளபளப்பாகக் கறியைப் போர்த்திக்கொள்ளும். ஒரு நிமிடம் புரட்டி, வெங்காயத்தாளைத் தூவி இறக்கிவிடுங்கள். மூடி போடவே கூடாது.

பச்சையாக நறுக்கி வதக்கும் கறியில் உள்ளே சிவப்பு மிச்சமில்லாமல் வேகவைக்க வேண்டும். வேகாத மாட்டுக்கறி வழியே நாடாப்புழு பரவக்கூடும் என்பதால், மேலைநாட்டு உணவகங்களைப் பார்த்து அரைவேக்காட்டில் இறக்குவது இங்கே தேவையில்லாத துணிச்சல்.

சோயா சாஸ் இல்லாமல் செய்ய முடியுமா?

முடியும், சுவை நம் வறுவல் பக்கம் சாயும், அவ்வளவுதான். மிளகும் சோம்பும் தலா ஒரு தேக்கரண்டி வறுத்துப் பொடித்து, கறிவேப்பிலையும் தட்டிய பூண்டும் தாளித்து, நெல்லிக்காயில் பாதியளவு புளியைக் கெட்டியாகக் கரைத்து, ஒரு சிட்டிகை வெல்லத்தோடு சாஸுக்குப் பதிலாக ஊற்றுங்கள். இரத்த அழுத்தம் உள்ளவர்களுக்கு இதுவே மேலானது, ஏனெனில் ஒரு மேசைக்கரண்டி சோயா சாஸில் மட்டும் 2 கிராமுக்கு மேல் உப்பு இருக்கிறது. அஜினோமோட்டோ சேர்ப்பதும் விடுவதும் அவரவர் விருப்பம். கறி நன்றாகப் பழுப்பேறியிருந்தால் அதற்குத் தேவை எழுவதில்லை.

எதோடு சாப்பிட நன்றாக இருக்கும்?

சோறு, சப்பாத்தி, நூடுல்ஸ் எல்லாவற்றோடும் சேரும். கேழ்வரகுக் களியோடு சாப்பிடுவதானால் கிண்ணத்துச் சாறை நான்கு மேசைக்கரண்டிக்குப் பதில் முக்கால் குவளையாகக் கூட்டிக்கொள்ளுங்கள். களியை மெல்லாமல் விழுங்குவதே வழக்கம் என்பதால் தொட்டுக்கொள்ள நீர்ப்பதம் வேண்டும். உலர்ந்த வதக்கல் தொண்டையில் நிற்கும்.

மீந்ததை எத்தனை நாள் வைத்திருக்கலாம்?

சமைத்த இரண்டு மணி நேரத்துக்குள், சித்திரை வைகாசி வெயிலில் ஒரு மணி நேரத்துக்குள், குளிர்ப்பெட்டிக்குள் போய்விட வேண்டும். அங்கே மூன்று நாள் வரை கெடாது. கறி தாங்கும், காய்தான் தளர்ந்துவிடும். மறுநாளுக்கும் சேர்த்துச் செய்ய நினைப்பவர்கள், வேகவைத்து நறுக்கிய கறியை மட்டும் கூடுதலாகச் செய்து மூடி வைத்துக்கொண்டு, காயை அன்றன்று புதிதாக நறுக்கி வதக்குவது நல்லது. சூடாக்கும்போது ஆவி பறக்கும்வரை சட்டியிலேயே சூடாக்குங்கள். எடுத்து எடுத்துச் சூடாக்கி மீண்டும் உள்ளே வைப்பதைத் தவிர்க்க, தொடக்கத்திலேயே ஒரு வேளைக்கு ஒரு டப்பாவாகப் பிரித்து வையுங்கள்.